கோத்தகிரியில் பெரியப்பாவின் படவீடு: மியூசியமாக்கினால் நிலைக்குமா?

கட்டபெட்டு வாசகி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். நீளமான பதிவு, பொறுமையாகப் படித்து யோசனை சொல்லுங்கள்.

என் பெரியப்பா கோத்தகிரிப் பக்கம் பள்ளியில் 31 வருஷம் டிராயிங் மாஸ்டராக இருந்தவர். இப்போது வயது 78. கட்டபெட்டுக்குக் கீழே, தேயிலைத் தோட்டத்தை ஒட்டி ஒரு பழைய ஓட்டு வீட்டில் தனியாக இருக்கிறார். பெரியம்மா காலமாகி ஆறு வருஷம் ஆகிறது. வேலையில் சேர்ந்த காலத்திலிருந்தே சம்பளத்தில் மிச்சம் பிடித்துப் படம் வாங்கிக்கொண்டே இருந்தார். நகை வாங்கவில்லை, நிலம் வாங்கவில்லை. பெரியம்மா அதற்காக ஒரு நாளும் சண்டை போட்டதில்லை என்பதை இங்கே எழுதியே ஆகவேண்டும்.

போன மாதம் நானும் அவரும் உட்கார்ந்து எண்ணினோம். மொத்தம் 163 உருப்படி. அதில் 64, இந்த மலைப் பழங்குடிகளான குறும்பர்கள் வரைந்த ஓவியங்கள். தோடர்களின் பூவேலைப் போர்வையான பூத்துக்குளி மூன்று. அவரிடம் படித்த பிள்ளைகள் வரைந்த நீர்வண்ணப் படங்கள் ஒரு கட்டு. சென்னை மூர் மார்க்கெட் எரிவதற்கு முன்னால் அங்கே பழைய புத்தகக் கடையில் வாங்கிய ஒரு அச்சுப்படமும் உண்டு. கேப்டன் ரிச்சர்ட் பாரன் வரைந்து 1837இல் லண்டனில் அச்சான நீலகிரிக் காட்சிகளில் ஒன்று. ஓரம் செல்லரித்திருக்கிறது, ஆனாலும் மலைமேல் மேகம் இறங்குவதை அப்படியே பிடித்திருக்கிறார்.

அவருடைய பிள்ளைகள், என் அண்ணன்கள் இருவரும், கோயம்புத்தூரிலும் பெங்களூரிலும் இருக்கிறார்கள். வீட்டை காட்டேஜ் கட்டுவதற்கு ஒருவர் கேட்கிறார், விலையும் நல்ல விலை. பெரியப்பா மறுக்கிறார். வீட்டின் முன்பக்க நான்கு அறைகளையும் மியூசியமாக்கி, வருகிறவர்கள் பார்த்துவிட்டுப் போகவேண்டும் என்கிறார். "வரைஞ்சவங்க மலையில இருக்காங்க, படம் மட்டும் எதுக்குக் கீழ இறங்கணும்" என்பது அவர் கேள்வி. அதற்கு என்னிடம் பதில் இல்லை. அவர் பக்கம்தான் நான்.

ஆனால் பயமாக இருக்கிறது. ஊட்டி மாதிரிப் பெரிய ஊர் இல்லை இது. யார் வருவார்கள்? அவருக்குப் பிறகு யார் பார்ப்பது? தனியார் மியூசியம் ஒன்று சின்ன மலையூரில் நடந்ததை, நடக்காமல் போனதை, எதைப் பார்த்திருந்தாலும் சொல்லுங்கள்.

---

மலைப்பாதை ஓட்டுநர் எழுதியது:

வணக்கம் அக்கா. நான் 17 வருஷமா மேட்டுப்பாளையத்துல இருந்து சுற்றுலா வண்டி ஓட்டறேன். உங்க மனசு நோகக்கூடாது, ஆனா உள்ளதைச் சொல்லிடறேன்.

வர்றவங்க கையில ஒரு நாளு, மிஞ்சிப்போனா ரெண்டு நாளு. தாவரவியல் பூங்கா, போட் ஹவுஸ், தொட்டபெட்டா, சாக்லேட் கடை, வர்க்கி, கீழ இறங்கிடுவாங்க. கோத்தகிரிக்கு வந்தா கோடநாடு காட்சிமுனை, கேத்தரின் அருவி. நடுவுல ஒரு வீட்டுல படம் இருக்குதுன்னா, "டைம் இல்லண்ணா"ம்பாங்க. வண்டி மலையேற இ-பாஸ் வாங்கணும்னு வந்ததுக்கு அப்புறம் இன்னும் அவசரம். 2025 சீசன்ல வார நாளுக்கு 6000 வண்டி, சனி ஞாயிறு 8000 வண்டின்னு கோர்ட்டே கணக்கு வெச்சது. பாஸ் எடுத்து வர்றவங்க எண்ணி வெச்ச இடத்தைத்தான் பார்ப்பாங்க.

இன்னொண்ணு, கட்டபெட்டுக்குக் கீழன்னா ரோடு எப்படி? வேன் திரும்ப இடம் இருக்குதா? இடமில்லைன்னா எந்த டிரைவரும் கூட்டிட்டு வரமாட்டான். நானும் வரமாட்டேன். மொதல்ல அதைப் பாருங்க.

---

கார்ல்ஸ்ரூவில் ஒரு குன்னூர்க்காரன் எழுதியது:

அக்கா, உங்கள் பதிவை நேற்றிரவு படித்ததிலிருந்து மனசு அதிலேயே இருக்கிறது. நான் சிம்ஸ் பார்க் அருகே வளர்ந்தவன். ஒன்பது வருஷமாக ஜெர்மனியில் கார்ல்ஸ்ரூவில் வேலை. நீங்கள் கேட்டதற்கு மிகவும் பொருத்தமான ஓர் இடம் இங்கிருந்து ரயிலில் அரை மணி நேரத்தில் இருக்கிறது. பாடன்-பாடன்.

வெந்நீர் ஊற்றுக்குப் பெயர்போன சின்ன ஊர். மக்கள்தொகை ஏறக்குறைய 55,000. பூமிக்கடியிலிருந்து 68 டிகிரி வரை சூடான தண்ணீர் வருகிறது. ரோமானியர் காலத்திலேயே குளித்திருக்கிறார்கள், அந்தக் குளியலறைகளின் இடிபாடு இன்றைக்கும் இருக்கிறது. 1877இல் கட்டிய ஃபிரீட்ரிக்ஸ்பாட் என்ற குளியல் மாளிகையில் இப்போதும் குளிக்கலாம். ஐரோப்பாவின் 11 குளியல் நகரங்களை 2021இல் யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது இந்த ஊரும் அதில் வந்தது. உடம்பு தேற வெள்ளைக்காரர்கள் ஊட்டிக்கும் கோத்தகிரிக்கும் ஏறினார்களே, அந்த மாதிரி அங்கே தண்ணீருக்குப் போயிருக்கிறார்கள். குளிர்ந்த காற்று, மரங்கள், நடைபாதை, மெதுவாக நடக்கும் வயதானவர்கள். முதல் தடவை போனபோது குன்னூர்ப் பக்கத்து வெலிங்டன் ஞாபகம் வந்து தொண்டை அடைத்தது.

ஸ்டேஷன் ஊருக்கு வெளியே இருக்கிறது, அங்கிருந்து பஸ்ஸில் உள்ளே போகவேண்டும். ஓஸ் என்று ஒரு சின்ன ஆறு, நம் ஊர் ஓடை அளவுதான். அதன் கரையோரம் லிஷ்டென்டாலர் அல்லே என்ற நீண்ட பூங்கா. அந்த மரங்களுக்கு நடுவே வெள்ளை வெளேரென்று நிற்கிறது ஃபிரீடர் புர்டா மியூசியம். ரிச்சர்ட் மையர் என்ற அமெரிக்கக் கட்டடக் கலைஞர் வடிவமைத்தது, 2004இல் திறந்தார்கள். உள்ளே மாடிக்கு மாடி சாய்வுப் பாதையில் ஏறுகிறோம். வெளிச்சம் பெரும்பாலும் வானத்திலிருந்தே வருகிறது. பிக்காசோவின் கடைசிக்காலப் படங்கள், கெர்ஹார்ட் ரிஷ்டர், ஜிக்மார் போல்கே, ராத்கோ. ஏறக்குறைய ஆயிரம் படைப்புகள் கொண்ட ஒரு தனிமனிதரின் சேகரிப்பு அது.

அந்த மனிதர்தான் ஃபிரீடர் புர்டா, அச்சு, பத்திரிகைத் தொழில் குடும்பத்தைச் சேர்ந்தவர். 1968இல் காஸெல் நகரக் கண்காட்சியில் லூச்சியோ ஃபொன்டானாவின் சிவப்புப் படம் ஒன்றை வாங்கியதுதான் தொடக்கம். கத்தியால் கீறிய துணி அது. அங்கிருந்து 36 வருஷம் கழித்துத்தான் மியூசியக் கட்டடம்.

நான் கவனித்த ஒரு விஷயம் உங்களுக்கு உதவும். அந்த மியூசியம் தனியாக நிற்கவில்லை. பக்கத்திலேயே 1909இலிருந்து அரசின் கலைக்கூடம் ஒன்று இருக்கிறது. அந்தக் கூடத்துக்கென்று சொந்தச் சேகரிப்பு கிடையாது, கண்காட்சி மட்டும் நடத்துவார்கள். இவர் தன் கட்டடத்தை அதன் தோளில் சாய்த்துக் கட்டி, நடுவே கண்ணாடிப் பாலம் போட்டார். பூங்காவுக்கு நடக்க வருகிறவர் ஒன்றைப் பார்க்கப் போய் இரண்டையும் பார்க்கிறார்.

உங்கள் ஊரிலும் தோள் இருக்கிறது. கன்னேரிமுக்கில், ஊட்டியை உருவாக்கிய ஆங்கிலேயக் கலெக்டர் சல்லிவனின் பங்களாவைப் புதுப்பித்து ஆவண மையமாக்கி வைத்திருக்கிறார்கள். கோத்தகிரிக்கு வந்து அந்த பங்களாவைத் தேடிப் போகிறவர் யாரோ, அவர்தான் உங்கள் பெரியப்பா வீட்டுக்கும் வரக்கூடியவர். அங்கே பேசி ஒரு பலகை வைக்கப் பாருங்கள்.

---

தேயிலைக் கணக்கு எழுதியது:

> ஏறக்குறைய ஆயிரம் படைப்புகள் கொண்ட ஒரு தனிமனிதரின் சேகரிப்பு

தம்பி, அவர் கோடீஸ்வரர். இங்கே பென்ஷனில் வாழும் ஒரு வாத்தியார். பச்சைத் தேயிலை விலை இருக்கிற நிலையில் மலையில் யாரிடம் போய் நன்கொடை கேட்பது? இந்த உதாரணம் பொருந்துமா என்று யோசியுங்கள்.

---

கார்ல்ஸ்ரூவில் ஒரு குன்னூர்க்காரன் எழுதியது:

அண்ணா, பணத்தில் பொருந்தாது, ஒப்புக்கொள்கிறேன். நான் சொல்ல வந்தது வேறு. அவர் அறக்கட்டளையைத் தொடங்கியது 1998இல். கட்டடம் திறந்தது 2004இல். ஆறு வருஷம் முன்னாலேயே, ஒரு செங்கல் வைப்பதற்கு முன்பே, படங்கள் யார் பொறுப்பில் என்பதை எழுதிவைத்துவிட்டார். 2019இல் அவர் இறந்துபோனார். அடுத்த வருஷம் நான் போனபோதும் மியூசியம் இருந்தது. அவர் முகம் தெரியாத சிறுபிள்ளைகள் தரையில் உட்கார்ந்து ஒரு பெரிய படத்தைப் பார்த்து வரைந்துகொண்டிருந்தார்கள்.

முதலில் பத்திரம், பிறகு கட்டடம். இந்த வரிசைக்குக் கோடி ரூபாய் வேண்டாம் அண்ணா.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன், மனதில் இருப்பது. இந்த மலையில் கிடைத்தது, இந்த மலையைப் பார்த்து வரைந்தது, முக்கால்வாசி இங்கே இல்லை. 1870களின் தொடக்கத்தில் நீலகிரியின் முதல் கமிஷனர் பிரீக்ஸ் பழங்காலக் கல்வட்டங்களைத் தோண்டி எடுத்த தாழிகளும் மண் உருவங்களும் எழும்பூர் மியூசியத்துக்குப் போயின. லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்திலும் நீலகிரித் தாழிகள் இருக்கின்றன. 1874இல் ஆங்கில ஓவியர் எட்வர்ட் லியர் குன்னூருக்கும் ஊட்டிக்கும் வந்து வரைந்துவிட்டுப் போனார். அவருடைய இந்தியப் படங்களைப் பார்க்க அமெரிக்காவில் ஹார்வர்ட் பல்கலைக்கழக நூலகத்துக்குப் போகவேண்டும். நான் பிறந்த ஊரின் பழைய முகத்தைப் பார்க்கக் கடல் தாண்டவேண்டும். உங்கள் பெரியப்பா செய்ய நினைப்பது எவ்வளவு பெரிய காரியம் என்பதை அண்ணன்களிடம் இப்படிச் சொல்லிப்பாருங்கள்.

---

காகிதம் காப்பவர் எழுதியது:

நான் 26 ஆண்டுகள் பழைய ஓலை, காகிதம், துணி இவற்றைச் செப்பனிடும் வேலை செய்தவன். மியூசியம் நடக்குமா என்பது எனக்குத் தெரியாது. படங்கள் இன்னும் பத்து வருஷம் இருக்குமா என்பதுதான் என் கவலை. அம்மா, தயவுசெய்து இதை உடனே செய்யுங்கள்.

மலையில் எதிரி ஈரம். தென்மேற்குப் பருவமழையைத் தொட்டபெட்டா ஓரளவு தடுத்துவிடும், கோத்தகிரிப் பக்கம் கொட்டுவது ஐப்பசி, கார்த்திகையில். அந்த இரண்டு மாதமும் மூடிய அறைக்குள் ஈரப்பதம் எளிதாக 80, 90 சதவீதம் ஏறும். 65ஐத் தாண்டி நின்றாலே காகிதத்தில் பூஞ்சை பிடிக்கும். 50ஐ ஒட்டி வைத்திருப்பது நல்லது. ஈரமானி ஒன்று வாங்கி அறைக்கு ஒன்றாக மாட்டுங்கள், விலை அதிகமில்லை. காலையும் மாலையும் ஒரு நோட்டில் எழுதுங்கள். ஒரு வருஷம் எழுதினால் எந்த அறை நல்ல அறை என்று அந்த வீடே சொல்லிவிடும்.

மலைச்சரிவில் கட்டிய பழைய வீடுகளில் ஒரு சுவர் மண்ணோடு ஒட்டியிருக்கும். அந்தச் சுவரில் ஒரு படம்கூட மாட்டாதீர்கள். மற்றச் சுவர்களில் மாட்டும்போதும் ஃபிரேமின் கீழ்மூலை இரண்டிலும் தக்கைத் துண்டு ஒட்டுங்கள், பின்னால் காற்று ஓடட்டும். கண்ணாடி படத்தின்மேல் படியக்கூடாது, நடுவில் அட்டை விளிம்பு வேண்டும். அந்த அட்டை அமிலம் இல்லாததாக இருக்கவேண்டும். நம் ஊர் ஃபிரேம் கடைகளில் பின்னால் வைக்கும் பழுப்பு அட்டைதான் பாதிப் படங்களைக் கொன்றிருக்கிறது. செல்லோடேப் வேண்டவே வேண்டாம்.

படம் இருக்கும் அறையில் கணப்பு மூட்டாதீர்கள். புகைக்கரி ஒரு கேடு. திடீரென்று உலர்ந்து திரும்பவும் ஈரமாவது அதைவிடக் கேடு, காகிதம் சுருங்கி விரிந்து வண்ணம் உதிரும். மின்சாரத்தில் ஓடும் ஈரம் உறிஞ்சும் கருவி ஒன்றே ஒன்று போதும், சிறந்த அறையில் வையுங்கள். மழைக்காலத்தில் எல்லாப் படங்களையும் அந்த ஓர் அறைக்குக் கொண்டுவந்துவிடலாம்.

அடுத்தது வெளிச்சம். நீர்வண்ணத்துக்கும் துணிக்கும் 50 லக்ஸ் என்பது கணக்கு. மங்கலான அறையில் கண் பழகினால் தெரியும் அளவு, அவ்வளவுதான். குறும்பர் ஓவியங்களில் செடிகொடியிலிருந்து எடுத்த நிறம் இருக்கும். அதில் இலைப்பச்சைதான் வெயில் பட்டால் முதலில் போகும். 64ஐயும் ஒரேயடியாக மாட்டாதீர்கள். பதினைந்து படம் மூன்று மாதம், பிறகு அவை இருட்டில் ஓய்வெடுக்கட்டும், அடுத்த பதினைந்து வெளியே வரட்டும். பார்க்க வந்தவர் மறுபடி வருவதற்கும் அது ஒரு காரணமாகும்.

பூத்துக்குளியை மடித்து வைத்திருந்தால் இன்றைக்கே பிரியுங்கள். மடிப்பில்தான் நூல் அறும். துவைத்த பழைய மல் துணியைக் குழாயில் சுற்றி, அதன்மேல் இதைச் சுருட்டி வையுங்கள். அந்துருண்டை போடாதீர்கள்.

---

செண்பகனூர் இறக்கம் எழுதியது:

கொடைக்கானலிலிருந்து எழுதுகிறேன். எங்கள் பக்கத்து உதாரணம் ஒன்று சொல்லலாம். 1895இல் இயேசு சபையினர் செண்பகனூரில் திரு இருதயக் கல்லூரி தொடங்கினார்கள். அங்கே உருவான மியூசியம் இன்றைக்கும் இருக்கிறது. பாடம் செய்த பறவைகள், பாம்புகள், வண்ணத்துப்பூச்சிகள், பழனி மலைக் கல்திட்டைகளில் கிடைத்த பானைகள். சின்ன வயதில் அப்பா கைப்பிடித்துக் கூட்டிப்போனார். கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்த பறவைகளைப் பார்த்து அன்றிரவு தூங்கவில்லை.

அங்கே ஆங்க்லாட் என்று ஒரு பிரெஞ்சுப் பாதிரியார் இருந்தார். பழனி மலையின் செடிகளை நூற்றுக்கணக்கில் நீர்வண்ணத்தில் வரைந்தவர். இலையின் நரம்பு, பூவின் உள்வெட்டு, விதை எல்லாம் அளவு பிசகாமல். தாவரவியலுக்காக வரைந்தது, ஆனால் கலை இல்லை என்று யார் சொல்லமுடியும்? அந்தச் செடிகளில் எத்தனையோ நின்ற சோலைகளில் பிறகு வாட்டிலும் யூக்கலிப்டஸும் பைனும் ஏறிவிட்டன.

அந்த இடம் இத்தனை காலம் நின்றதற்குக் காரணம் அது ஒருவர் கையில் இல்லை. ஒரு பாதிரியார் போனால் இன்னொருவர் வருவார். உங்கள் பெரியப்பாவுக்கு சபை கிடையாது. அவருக்கு உண்டானது மாணவர்கள். 31 வருஷத்தில் எத்தனை ஆயிரம் பிள்ளைகளுக்குப் பென்சில் பிடிக்கச் சொல்லிக்கொடுத்திருப்பார்! அதில் பத்துப் பேர் கோத்தகிரியிலேயே கடை வைத்திருப்பார்கள், வாத்தியாராக இருப்பார்கள். அறங்காவலர்களை அங்கே தேடுங்கள், சொந்தக்காரர்களில் தேடாதீர்கள். என் அனுபவத்தில் சொந்தக்காரர்கள் மட்டும் இருக்கும் டிரஸ்ட், சொத்துத் தகராறு வந்த அன்றைக்குப் பூட்டப்படும்.

---

தேன்பாறை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். நான் ஆளு குறும்பர். கோத்தகிரிக்குக் கீழ எங்க ஊரு. எங்க வீட்ல சித்தப்பா படம் வரைவாங்க, நானும் கொஞ்சம் வரைவேன். இங்க எல்லாரும் படத்தை எப்படிக் காப்பாத்தறது, யாரு பார்க்க வருவாங்கன்னு பேசறீங்க. வரைஞ்சவங்களைப் பத்தி இன்னும் யாரும் பேசலை. அதான் எழுதறேன்.

எங்க படம் முன்ன சுவத்துலயும் பாறையிலயும்தான் இருந்துச்சு. வெள்ளரிக்கொம்பை பக்கத்துல எழுத்துப்பாறைல இருக்கறது எங்க பெரியவங்க வரைஞ்சதுன்னு எங்க ஊர்ல சொல்லுவாங்க. காகிதத்துக்கு வந்தது கிட்டத்துலதான். வேங்கை மரத்துப் பட்டையைக் கீறினா செகப்பா பிசின் வடியும், அது எங்க கோடு. பச்சைக்கு இலையைக் கசக்கிப் பிழியணும். தேன் எடுக்கப் பாறையில கொடி ஏணி கட்டி இறங்கறதை வரையறோம்னா, அது பார்த்து வரையறது இல்லை. இறங்கினவங்க வரையறது.

ஒரு பெரிய விடுதிக்குப் போயிருந்தேன், வேலை விஷயமா. வரவேற்பறைல எங்க சித்தப்பா படம் பெருசா மாட்டியிருந்தாங்க. கீழ "பழங்குடி ஓவியம்"னு மட்டும் எழுதியிருந்துச்சு. பேரு இல்லை. ஊரு இல்லை. அந்தப் படத்துல இருக்கற தேன்கூட்டுக்குப் போற வழி எனக்குத் தெரியும், அந்தக் கொடியில தொங்கற ஆளு யாருன்னு தெரியும். அங்க நின்னுக்கிட்டு யார்கிட்ட சொல்றதுன்னு தெரியலை. திரும்பி வந்துட்டேன்.

அக்கா, உங்க பெரியப்பா நல்லவர்னு உங்க எழுத்துல தெரியுது. அந்த 64 படத்துக்கும் கீழ வரைஞ்சவர் பேரு, ஊரு போடுவீங்களா? படத்தை போட்டோ எடுத்துப் பையிலயும் கோப்பையிலயும் அச்சடிக்கற பேச்சு வந்தா எங்களைக் கேப்பீங்களா? இன்னொண்ணு, வர்றவங்களுக்குப் பாறை ஓவியம் இருக்கற இடத்துக்கு வழி சொல்லி அனுப்பாதீங்க. கரிக்கையூர்ல ஓவியத்து மேலயே பேரு கிறுக்கிட்டுப் போயிருக்காங்க. அழிஞ்சது திரும்ப வராது.

---

கட்டபெட்டு வாசகி எழுதியது:

தேன்பாறை தம்பி, உங்கள் பதிவைப் பெரியப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு எழுந்துபோய்ப் பீரோவிலிருந்து ஒரு பழைய கணக்கு நோட்டை எடுத்து வந்தார். எந்தத் தேதியில், யாரிடம், எந்த ஊரில், எவ்வளவு கொடுத்து வாங்கினார் என்று 53 படங்களுக்கு எழுதி வைத்திருக்கிறார். மீதி 11க்கு இல்லை. சந்தையில் வாங்கியது, யாரோ கொடுத்தது. "அந்தப் பதினொண்ணையும் பேர் தெரியிற வரைக்கும் சுவத்துல மாட்டவேண்டாம்" என்று அவரே சொல்லிவிட்டார். உங்கள் சித்தப்பா ஒரு நாள் வந்து பார்த்துச் சொல்லமுடியுமா? வண்டி அனுப்புகிறோம். பெயர் போடாமல் ஒரு படமும் மாட்டமாட்டோம், கேட்காமல் எதிலும் அச்சடிக்கமாட்டோம். இதை டிரஸ்ட் பத்திரத்திலேயே எழுதச் சொல்கிறேன்.

காகிதம் காப்பவர் ஐயா, நீங்கள் சொன்ன மண்ணோடு ஒட்டிய சுவர் இங்கே மேற்குச் சுவர். அதில் 22 படங்கள் இருந்தன. நேற்றே இறக்கிவிட்டோம். மூன்றின் முதுகில் பூஞ்சை. பெரியப்பா அழுதுவிட்டார்.

எல்லோரிடமும் ஒரு விஷயம் கேட்கவேண்டும். 20 வருஷம் முன்னால் ஒரு தோட்டத்தில் குழி வெட்டும்போது கிடைத்தது என்று ஒரு தொழிலாளி பெரியப்பாவிடம் இரண்டு மண் உருவங்கள் கொடுத்திருக்கிறார். ஒன்று எருமை, கொம்பு உடைந்தது. ஏதோ மூடியின் மேல் ஒட்டியிருந்த மாதிரி அடிப்பகுதி. அதையும் மியூசியத்தில் வைக்கலாமா?

---

ஓய்வுபெற்ற பத்திரப்பதிவு எழுதியது:

அம்மா, அதை வைக்கக்கூடாது. தாழி மூடியின்மேல் இருந்த உருவமாகத்தான் தெரிகிறது. பிரீக்ஸ் தோண்டியவற்றிலும் இதே வகை எருமை உருவங்கள் உண்டு. மண்ணுக்குள் கிடைத்த பத்து ரூபாய்க்கு மேற்பட்ட எந்தப் பொருளையும் கலெக்டருக்குத் தெரிவிக்கவேண்டும் என்று 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டம் சொல்கிறது. பழைய சட்டம்தான், இன்றும் உயிரோடு இருக்கிறது. எழுத்தில் மனு கொடுத்து, எங்கே கிடைத்தது, யார் கொடுத்தது எல்லாம் சொல்லி ஒப்படைத்துவிட்டு ஒப்புகை வாங்குங்கள். மியூசியம் தொடங்குவதற்கு முன்பே இதைச் செய்வது பெரியவரின் பெயருக்கு நல்லது.

நூறு வருஷம் தாண்டிய ஓவியம் இருந்தால் 1972ஆம் ஆண்டின் தொல்பொருள் சட்டப்படி பதிவு செய்யவேண்டும். குறும்பர் படங்கள் அந்தக் கணக்கில் வராது. பாரனின் அச்சுப்படத்தைப் பதிவு அலுவலரிடம் காட்டிக் கேட்டுவிடுங்கள்.

பிறகு டிரஸ்ட். முதல் கேள்வி, வீடு அவருடைய சுயசம்பாத்தியமா, பூர்வீகமா? சுயசம்பாத்தியம் என்றால் அவர் விருப்பப்படி எழுதலாம். பூர்வீகம் என்றால் பிள்ளைகள் கையெழுத்து இல்லாமல் ஓர் அடி நகரமுடியாது. அப்படியானால் வீட்டை விட்டுவிட்டுப் படங்களை மட்டும் டிரஸ்டுக்கு எழுதுங்கள். இதை அழுத்திச் சொல்கிறேன். வீடும் படமும் ஒரே பத்திரத்தில் மாட்டிக்கொண்டால், வீட்டுக்கு வரும் வழக்கில் படமும் முடங்கும். 163 உருப்படிக்கும் எண், அளவு, புகைப்படத்தோடு அட்டவணை தயாரித்துப் பத்திரத்தோடு இணையுங்கள். டிரஸ்ட் கலைந்தால் படங்கள் எங்கே போகவேண்டும் என்பதையும் இப்போதே எழுதிவிடுங்கள். நீலகிரி மாவட்டத்துக்கு வெளியே போகக்கூடாது என்று எழுதலாம். அண்ணன்மார் இருவரில் ஒருவரையாவது அறங்காவலராகச் சேருங்கள், மற்றவர்கள் வெளியாட்களாக இருக்கட்டும். வருமானவரித் துறையில் டிரஸ்டுக்கும் நன்கொடைக்குமான பதிவைப் பிறகு வாங்கலாம். அது இருந்தால்தான் நன்கொடை கொடுப்பவருக்கு வரிச்சலுகை கிடைக்கும்.

கட்டடத்தில் எதையும் இடிக்காதீர்கள், கூட்டாதீர்கள். மலையில் புதுக் கட்டுமானத்துக்கு அனுமதி வாங்குவதற்குள் வருஷங்கள் போய்விடும். இருக்கிற வீட்டில் இருக்கிற அறைகளே போதும்.

---

மலைப்பாதை ஓட்டுநர் எழுதியது:

அக்கா, நான் அன்னைக்கு எழுதினதுல பாதிதான் சரி. மனசுல ஓடிக்கிட்டே இருந்துச்சு.

மழை நாள்ல எங்க பொழப்பைப் பாருங்க. வண்டிக்குள்ள குடும்பத்தோட உட்கார்ந்திருப்பாங்க, தொட்டபெட்டால ஒண்ணும் தெரியாது, போட்டிங் நிறுத்திடுவாங்க, குழந்தைங்க அழும். "கூரைக்குக் கீழ எதாவது காட்டுங்கண்ணா"ன்னு கேப்பாங்க. சாக்லேட் கடையைத் தவிர என்கிட்ட பதில் இருக்காது. ஐப்பசி, கார்த்திகைல வாரத்துக்கு ரெண்டு மூணு நாளு இப்படி. அன்னைக்கு நான் கூட்டிட்டு வர்றேன்.

மே மாசம் நேரு பூங்காவுல காய்கறிக் கண்காட்சி நடக்கும்போது கோத்தகிரியில கூட்டம் இருக்கும். அப்ப பூங்கா வாசல்ல நாலு படத்தோட ஒரு மேசை போடுங்க. வேன் கட்டபெட்டு ஜங்ஷன்லயே நிக்கட்டும், அங்கிருந்து நடந்து வரட்டும். நான் போய்ப் பார்த்தேன், எட்டு நிமிஷ நடை, பாதை நல்லாத்தான் இருக்குது.

---

கட்டபெட்டு வாசகி எழுதியது:

ஐந்து வாரம் கழித்து எழுதுகிறேன். தாமதத்துக்கு மன்னியுங்கள்.

எருமையை ஊட்டிக்குக் கொண்டுபோய் ஒப்படைத்துவிட்டோம். பெரியப்பா அதைப் பஞ்சில் சுற்றி வர்க்கி டப்பாவில் வைத்து மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தார். கையெழுத்துப் போட்டுக் கொடுத்ததும் டப்பாவை மட்டும் திரும்ப வாங்கிக்கொண்டார். ஒப்புகைச் சீட்டு வந்துவிட்டது.

வீடு பூர்வீகம்தான். அதனால் படங்களை மட்டும் டிரஸ்டுக்கு எழுதுகிறோம், வரைவு தயார். அறங்காவலர்கள் ஐந்து பேர், அதில் மூவர் பெரியப்பாவின் பழைய மாணவர்கள். ஒருவர் வெள்ளரிக்கொம்பைப் பக்கத்திலிருந்து வருகிறார். பெங்களூர் அண்ணன் சம்மதித்துவிட்டார். பெரியப்பா இருக்கும்வரை வீட்டை விற்கும் பேச்சு எடுப்பதில்லை என்றும் சொல்லியிருக்கிறார். கோயம்புத்தூர் அண்ணன் இன்னும் பேசவில்லை. லியர் படங்கள் ஹார்வர்டில் இருப்பதைப் பற்றி கார்ல்ஸ்ரூ தம்பி எழுதியதை அவருக்கு அனுப்பியிருக்கிறேன்.

ஈரமானி இன்று காலை கிழக்கு அறையில் 61, மேற்கு அறையில் 83. மேற்கு அறையைச் செருப்பு விடுவதற்கும் குடை வைப்பதற்கும் ஒதுக்கிவிட்டோம்.

தேன்பாறை தம்பியின் சித்தப்பா போன ஞாயிறு வந்தார். பெரியப்பாவும் அவரும் தரையில் பாய் விரித்துப் பதினொரு படங்களையும் பரப்பி வைத்துக்கொண்டு மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தார்கள். கோட்டைப் பார்த்தே சொல்கிறார், "இது எங்க மாமன் கை, அவரு காலை இப்படித்தான் வளைப்பாரு" என்று. ஒன்பது படங்களுக்குப் பெயர் கிடைத்துவிட்டது. அதில் ஒன்று அவரே இளவயதில் வரைந்து மறந்துபோனது. அதைக் கையில் எடுத்து ஜன்னல் பக்கம் கொண்டுபோய்ப் பார்த்துக்கொண்டே நின்றார்.

இரண்டு மிச்சம். ஒன்றில் ஒரு கல்யாணம், இடது ஓரத்தில் குழல் ஊதுகிறவருக்குப் பின்னால் ஒரு நாய் படுத்திருக்கிறது. இன்னொன்றில் மரத்தடியில் எட்டுப் பெண்கள் கைகோத்து ஆடுகிறார்கள், எட்டாவது பெண்ணின் முதுகில் குழந்தை. 1998க்கும் 2003க்கும் நடுவில் கோத்தகிரி சந்தையில் வாங்கியவை. உங்கள் ஊரில் இந்த மாதிரி வரைந்தவர் யாராவது இருந்தால், தயவுசெய்து இங்கேயே எழுதுங்கள்.